வெக்ஸ்பிக்குப் போன ஊர்

ஆயிரத்து எண்ணூற்று ஐம்பத்தெட்டாம் ஆண்டு ஆகஸ்ட் மாதத்தில், நியூஃபவுண்ட்லாந்தின் கானெட் கோவ் என்னும் எங்கள் மீன்பிடித் துறைக்கு நாகரிகம் வந்து சேர்ந்தது. அது கடலுக்கு அடியில் வந்தது. கட்டைவிரல் பருமன் இருந்தது. தார் நாற்றம் அடித்தது.

அந்தத் தந்திக் கம்பியின் மறுமுனை கடலுக்கு அந்தப் பக்கம் இருப்பதாகச் சொன்னார்கள். யாரும் போய்ப் பார்க்கவில்லை. தலைநகரில் வாணவேடிக்கை விட்டார்கள். எங்கள் பங்குக்கு ஒரு கொடி வந்தது. அதை மீன் காயப்போடும் பரணில் கட்டினோம். நான் அந்தப் பரணில் மீன் புரட்டுகிறவள் என்பதால் நடந்தது எல்லாவற்றையும் மேலிருந்தே பார்த்தேன்.

கம்பியைத் தொடர்ந்து அதன் கண்காணிப்பாளர் மேன்மை தங்கிய செப்டிமஸ் காரிஞ்ச் வந்து இறங்கினார். பழைய உப்புக் கிடங்கு தந்தி நிலையம் ஆயிற்று. உள்ளே ஒரு மேசை, மேசைமேல் ஒரு பித்தளைப் பெட்டி, பெட்டிக்குள் ஓர் ஊசி. அந்தப் பக்கத்து ஆள் தந்தி அடிக்கும் சாவியைத் தட்டினால் இந்தப் பக்கம் ஊசி அசையும். இடப்பக்கம் அசைந்தால் ஓர் அர்த்தம், வலப்பக்கம் அசைந்தால் வேறோர் அர்த்தம். அசையாவிட்டால் காத்திருக்க வேண்டும்.

முதல் வாரம் முழுக்க இரு கண்டங்களும் பேசிக்கொண்டது இதுதான்:

"சரியாகப் புரியவில்லை. திருப்பி அனுப்பவும்."

"எதைத் திருப்பி அனுப்ப?"

"முதலில் அனுப்பியதை."

"முதலில் அனுப்பியது நீங்கள்."

இந்த மகத்தான வெற்றிக்குப் பின் காரிஞ்ச் கடற்கரையில் ஓர் அறிவிப்பை ஆணியடித்தார். கம்பி கரையேறும் இடத்தில் ஆண்கள் தொப்பியைக் கழற்ற வேண்டும். அதன் அருகே மீன் குடல் கழுவக் கூடாது. நாற்றம் லண்டன்வரை சென்று அரசாங்கத்தைச் சங்கடப்படுத்தக்கூடும். நாய்கள் குரைப்பதற்கு முன் அனுமதி பெற வேண்டும்.

மிச்சமாய்ப் போன கம்பித் துண்டுகளை வியாபாரியின் மனைவி மிஸஸ் ஹன்னஃபோர்டு முதலில் மார்பில் பதக்கம்போலக் குத்திக்கொண்டாள். உள்ளே செம்பு, வெளியே இரும்பு. அந்தப் பாரத்தில் கழுத்து ஒரு பக்கம் சாய்ந்தது. அடுத்த ஞாயிறு கோவிலுக்கு வந்த எல்லாப் பெண்களுக்கும் கழுத்து சாய்ந்திருந்தது. கம்பி கிடைக்காதவர்கள் சும்மாவே சாய்த்துக்கொண்டார்கள். பேச்சும் தந்தி மாதிரி ஆகிவிட்டது. "மீன். உப்பு. ஜாஸ்தி," என்பான் புருஷன். "வாய். மூடு," என்பாள் பெண்டாட்டி. கிழவர் டோபியாஸ் இறந்தபோது பாதிரியார் சவக்குழி முன் நின்று, "டோபியாஸ். நல்லவர். போய்ச் சேர்ந்தார். பதில் எதிர்நோக்குகிறோம்," என்று சொல்லி முடித்துவிட்டார். எல்லோராலும் சீக்கிரம் வீட்டுக்குப் போக முடிந்தது.

இப்படி நாங்கள் முன்னேறிக்கொண்டிருந்தபோது எங்கள் ஊர் மீனவன் ஜேபஸ் தன் சின்னப் பாய்க்கப்பலில் கருவாடு ஏற்றிக்கொண்டு, இரண்டு ஆட்களோடு இங்கிலாந்தின் வெக்ஸ்பி துறைமுகத்துக்குப் புறப்பட்டான். அவன் போன கொஞ்ச நாளில் பெரும் புயல் அடித்தது. கூரைகள் பறந்தன. அவன் மனைவி கெசையா சோறு தண்ணி இல்லாமல் கரையிலேயே நின்றாள். கடைசியில் நேராகத் தந்தி நிலையத்துக்குள் நுழைந்தாள்.

"ஐயா, அந்தப் பக்கம் கேட்டுச் சொல்லுங்க. எங்க வீட்டுக்காரர் கப்பல் வெக்ஸ்பி போய்ச் சேர்ந்துச்சா?"

"இது அரசாங்கக் கம்பி, அம்மா. தனிப்பட்ட கணவர்களுக்கு இதில் இடமில்லை."

"அப்போ அவரையும் அரசாங்கக் கணவர்னு வெச்சுக் கேளுங்க."

அவள் வாசலை விட்டு நகரவில்லை. காரிஞ்ச் சாவியைத் தட்டினார்.

இங்கே ஒன்றைச் சொல்ல வேண்டும். ஜேபஸ் புறப்பட்ட நாளிலிருந்து அந்த ஊசி லண்டனுக்காக அசையவே இல்லை. ஆனால் உப்புக் கிடங்கு பழைய கட்டிடம். காற்று அடித்தால் மேசை ஆடும், மேசை ஆடினால் ஊசி ஆடும். ஊசி ஆடினால் படிப்பது கண்காணிப்பாளரின் கடமை. அவர் பொய் சொன்னார் என்று நான் சொல்ல மாட்டேன். காற்றுள்ள நாளில் செய்தி நிறைய வந்தது. மிஸஸ் ஹன்னஃபோர்டின் ஆடு சுவரில் முதுகைத் தேய்த்தால் அவசரச் செய்தி வந்தது.

மறுநாள் ஆடு தேய்த்தது. காரிஞ்ச் வாசலில் வந்து நின்று உரக்கப் படித்தார்: "கப்பல் வெக்ஸ்பி சேர்ந்தது. கணவர் நலம். அங்கே நல்ல வெயில்."

கெசையா அவர் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். அன்றைக்கு ஊரே ரம் குடித்து, பிடில் வாசித்து ஆடியது. பாதிரியார்கூட முழு வாக்கியத்தில் பேசினார்.

அந்த வாரமே ஜேபஸ் வந்துவிட்டான்.

பாய்மரம் முறிந்த கப்பல் தட்டுத்தடுமாறித் துறைக்குள் நுழைந்தது. தாடியும் மீசையுமாக அவன் இறங்கியதும் கெசையா ஓடிப்போய்க் கட்டிக்கொண்டாள். உடனே விலகி நின்று முறைத்தாள்.

"ஏய்யா, நீ வெக்ஸ்பியில இல்ல இருக்கே?"

"எந்த வெக்ஸ்பி? பாதிக் கடல்ல மரம் முறிஞ்சு போச்சு. செத்துப் பொழைச்சு வந்திருக்கேன்டி!"

"தந்தி வந்துச்சே. வெயில் அடிக்குதுன்னுகூடச் சொல்லுச்சே."

"தந்தியா? அது எப்படி வரும்? நான் கெளம்பின அன்னிக்கே துறை வாசல்ல நங்கூரத்துல அந்தக் கம்பி மாட்டிக்கிச்சு. இழுத்துப் பார்த்தேன், வரல. கோடாலியால ஒரே போடு!"

காரிஞ்ச் முகம் கப்பல் பாய்போல வெளுத்தது. பிறகு சிவந்தது.

"அரசாங்கக் கம்பியை அறுத்தவனைக் கைது செய்யுங்கள்!" என்று கத்தினார்.

காவலர் பிட்மன் நிதானமான மனிதர். தொப்பியைச் சரிசெய்துகொண்டு, "யாரை ஐயா?" என்று கேட்டார்.

"இவனை! ஜேபஸை!"

"ஜேபஸ் வெக்ஸ்பியிலதானே இருக்கார்? நீங்கதானே படிச்சீங்க?"

"இவன்தான் கம்பியை அறுத்தான்!"

கெசையா அதற்குள் சுதாரித்துவிட்டாள். "ஐயா," என்றாள் பணிவாக, "அவர் அறுத்தார்னா அதுக்கப்புறம் வந்த தந்தியெல்லாம் யார் அனுப்பினது? தந்தி நிஜம்னா அவர் இங்க இல்ல. இல்லாத ஆளை எப்படி உள்ள தள்ளுவீங்க? ரெண்டுல ஒண்ணைச் சொல்லுங்க, நாங்க ஏத்துக்கறோம்."

காரிஞ்ச் நெடுநேரம் கடலைப் பார்த்தார். அவருடைய சிறப்பான பணியைப் பாராட்டித் தலைநகரிலிருந்து தபால் படகில் அப்போதுதான் ஒரு வெள்ளிக் கோப்பை வந்திருந்தது. உரிய பரிசீலனைக்குப் பின் அவர் தீர்ப்பளித்தார்.

"ஜேபஸ் வெக்ஸ்பியில் இருக்கிறார்."

"கப்பல்?" என்று கேட்டார் பிட்மன். "பேர் எழுதியிருக்கே."

"அது வேறு கப்பல். பெயர்ப் பலகையில் பிழை."

அதுமுதல் ஜேபஸ் அதிகாரபூர்வமாக ஊரில் இல்லை. காலையில் எழுந்து மீன் பிடிப்பான், மாலையில் வாசலில் உட்கார்ந்து புகை பிடிப்பான். ஆனால் சாலை போட ஆள் கூப்பிட்டபோது பிட்மன் அவன் வீட்டைத் தாண்டிப் போனார். கோவிலுக்கு வராததற்குப் பாதிரியார் கோபிக்கவில்லை. தன் தம்பியின் கடைசிப் பெண்ணின் ஞானஸ்நானத்துக்குக்கூட அவன் போகவில்லை. "ஊர்ல இல்லியே," என்று கெசையா வருத்தத்தோடு சொன்னாள். ஜேபஸ் பக்கத்தில் நின்று தலையாட்டினான்.

இதைப் பார்த்துக்கொண்டு எத்தனை நாள் ஒரு ஊர் சும்மா இருக்கும்?

முதலில் ஜேபஸின் ஆட்கள் இருவரும் அதே மாதிரி வெக்ஸ்பிக்குப் போனார்கள். அடுத்து ஓர் ஆள், மாமியார் குளிர்காலம் முழுக்கத் தங்க வருகிறாள் என்று கேள்விப்பட்டு, அவசரமாக வெக்ஸ்பிக்கு அனுப்பச் சொல்லிக் கெஞ்சினான். காரிஞ்ச் மறுத்தார்.

"சரி ஐயா. அப்போ ஜேபஸ் எங்க இருக்கார்னு தபால் படகுக்காரன்கிட்ட நான் பேச்சுவாக்குல சொல்லிடறேன்."

ஆடு தேய்த்தது. அவன் வெக்ஸ்பி சேர்ந்தான்.

மிஸஸ் ஹன்னஃபோர்டு இன்னொரு காரணம் வைத்திருந்தாள். "வெக்ஸ்பி. போகாத குடும்பம். மரியாதை இல்லை," என்றாள் சாய்ந்த கழுத்தோடு. பாதிரியார் ஆத்ம வளர்ச்சிக்காகப் போனார். பிட்மன் சாலை வேலைக்கு ஆள் இல்லாததால் தனக்கும் வேலை இல்லை என்று போனார். நானும் போனேன். ஏன் என்று இப்போது நினைவில்லை. எல்லோரும் போனார்கள், அதனால் போனேன். ஒவ்வொரு பயணத்தையும் காரிஞ்ச் தபால் படகு மூலம் தலைநகருக்குத் தெரிவித்தார். அங்கே அவர் புகழ் வளர்ந்தது. ஒரு நாள் தலைநகரிலிருந்து விசாரணைக்கு ஆள் வருவதாக வதந்தி கிளம்பவே, கடைசியாக அவரும் வெக்ஸ்பிக்குப் போய்விட்டார். அன்று மாலை எல்லோரும் எங்கள் பரணருகே கூடி, ஒருவரையொருவர் ஊரில் காணாமல் மகிழ்ச்சியாகச் சாப்பிட்டோம்.

அக்டோபரில், கடல் உறைவதற்குமுன், அரசாங்க மாவுக் கப்பல் வந்தது. ஒவ்வொரு துறைக்கும் குளிர்கால மாவு இறக்கும் கப்பல். நாங்கள் வண்டிகளோடு ஓடினோம். கேப்டன் இறங்கி வந்து, "குடிக்கத் தண்ணி கெடைக்குமா? தூரப் பயணம்," என்றார்.

"இந்தாங்க தண்ணி. மாவை எறக்குங்க," என்றான் ஜேபஸ்.

"யாருக்கு?"

"கானெட் கோவ் ஜனங்களுக்கு!"

"அவங்க யாரும் இங்க இல்லையாமே. எல்லாரும் வெக்ஸ்பியில இருக்காங்க. அவங்க பங்கு மாவை அங்கேயே கொண்டுபோய்க் குடுக்கச் சொல்லி உத்தரவு."

"நாங்கதான்யா அந்த ஜனங்க! கண்ணு தெரியல?"

"தெரியுது. ஆனா தந்தி சொல்லுதே, அம்மாடியோவ், அது என்ன சாதாரண விஷயமா? லண்டன்வரைக்கும் போய்த் திரும்பி வந்த தகவலு." கேப்டன் தொப்பியைக் கழற்றினார், கம்பி கரையேறும் இடத்தைப் பார்த்து.

எல்லோரும் காரிஞ்சைத் திரும்பிப் பார்த்தோம். கெசையா அவர் கோட்டைப் பிடித்து முன்னால் தள்ளினாள்.

"சொல்லுங்க ஐயா. நாங்க இங்கதான் இருக்கோம்னு ஒரு தந்தி அடிங்க."

"எப்படி அடிப்பேன்?" என்று அலறினார் காரிஞ்ச். "கம்பிதான் அறுந்து கிடக்கிறதே!"

கேப்டன் யோசித்தார். நியாயமான மனிதர்தான்.

"அறுந்த கம்பியில வந்ததுன்னாலும் உத்தரவு உத்தரவுதான். மாத்தணும்னா அதே கம்பியில மறு உத்தரவு வரட்டும். அதுவரைக்கும் நீங்க யாரோ, நான் யாரோ. தண்ணிக்கு நன்றி."

கப்பல் எங்கள் மாவோடு துறையை விட்டுப் போனது. அந்தக் குளிர்காலத்தில் மீன் மட்டும் தின்றோம். கருவாடு, கருவாட்டுக் குழம்பு, காய்ந்த கருவாட்டோடு ஈரக் கருவாடு. காரிஞ்சும் தின்றார். அவருடைய சம்பளம் வெக்ஸ்பிக்குப் போய்க்கொண்டிருந்தது.

வசந்தத்தில் அதே கேப்டன் வந்தார். மாவை வெக்ஸ்பியில் ஒழுங்காக ஒப்படைத்ததாகச் சொன்னார்.

"யார்கிட்ட?" என்று கேட்டான் ஜேபஸ்.

"கானெட் கோவ் ஜனங்கதான் நாங்கன்னு ஒரு கூட்டம் துறைமுகத்துல காத்திருந்துச்சு. நல்ல மனுஷங்க. கொழுகொழுன்னு இருந்தாங்க. ரொட்டி ரொம்ப நல்லா வந்துச்சுன்னு அரசாங்கத்துக்கு நன்றி சொல்லச் சொன்னாங்க."

நாங்கள் எலும்பும் தோலுமாக நின்று கேட்டோம். எங்களை நினைத்து எங்களுக்கே பொறாமையாக இருந்தது.