தாய்மாமன் மடியில் தட்டம்மை ஊசி

அபுதாபி வெயிலில் வாடும் என் தங்கச்சி மாப்பிள்ளை அசோக்குமார் அவர்களுக்கு, ஆனையூரிலிருந்து மச்சான் பாண்டிராஜ் பெரிய கும்பிடாகப் போட்டு எழுதுவது. இங்கு அனைவரும் நலம். கீழே வருவதை ஒருத்தரும் நம்பப் போவதில்லை என்று இப்போதே சத்தியம் செய்து கொடுக்கிறேன்.

செல்லூர்ப் பக்கம் தட்டம்மை பரவுகிறது, உங்கள் மகள் சத்யப்ரியாவுக்கோ ரெண்டாவது தடுப்பூசி விட்டுப்போயிருக்கிறது, அதைப் போடாமல் எல்கேஜியில் சேர்க்க மாட்டோம் என்று பள்ளிக்கூடத்தில் சொல்லிவிட்டார்கள், ஊசி என்றாலே பிள்ளை கட்டிலுக்கடியில் புகுந்துகொள்கிறாள் என்று தங்கச்சி திவ்யா கண்ணைக் கசக்கினாள். நான் ஒன்றுதான் சொன்னேன். "நம்ம வகையறாவுல புள்ள மேல ஊசி பட்டா அது தாய்மாமன் மடியிலதான் படணும். காதுக்கு ஒரு சட்டம், கைக்கு ஒரு சட்டமா?"

அவ்வளவுதான், சீர் கிளம்பிவிட்டது. முன்னால் மேளம், அதற்கும் முன்னால் வாணவெடி, தட்டுத் தட்டாகப் பழமும் பட்டுப்பாவாடையும், காளவாசல் வரைக்கும் பிளக்ஸ், அம்புட்டிலும் கூலிங்கிளாஸோடு நான், கூட்டத்தில் வழி தெரியாமல் பஸ்ஸெல்லாம் திண்டுக்கல்லுக்குப் போய்விட்டன, யாருடைய யானையோ ஒன்று தானாக வந்து சேர்ந்துகொண்டது. சுகாதார நிலைய வாசலில் நர்ஸ் ஹாஜரா இடுப்பில் கை வைத்து நின்றார்.

"அண்ணே, ஊசி போடுற எடத்துக்கு ஆடு எதுக்கு?"

"அது சீர்ல வந்த ஆடும்மா."

"அதுக்கும் போடணும்னா மாட்டாஸ்பத்திரிக்கு ஓட்டிட்டுப் போங்க."

நான் பாண்டிய மன்னன் போல் அமர்ந்து பிள்ளையை மடியில் ஏற்றி ஒரு கனை கனைத்தேன். தட்டம்மைக் கிருமி அம்புட்டும் வைகையில் குதித்து ராமநாதபுரம் பக்கம் நீந்திப் போனதை ஊரே பார்த்தது. ஊசி போட்டாச்சு. வெற்றி நமக்கே.

மீனாட்சி உங்களுக்கு நல்ல தூக்கத்தையும் நீண்ட லீவையும் கொடுப்பாளாக.

இப்படிக்கு,
தாய்மாமன் பாண்டிராஜ்

பின்குறிப்பு: திவ்யா போன் பண்ணுவதற்குள் நானே சொல்லிவிடுகிறேன். மேளம், ஆடு, யானை எதுவும் வரவில்லை, ஸ்கூட்டரில்தான் போனோம். ஹாஜரா ஊசியைக் கையில் எடுத்ததுமே எனக்குக் கண் இருட்டி பெஞ்சில் சாய்ந்துவிட்டேன். அதுவரை கதவைப் பிடித்துக்கொண்டு அலறிய உங்கள் மகள் ஓடிவந்து, "மாமா பாவம், அவருக்குப் போடாதீங்க, எனக்கே போடுங்க" என்று கையை நீட்டினாளாம். மேலே எழுதியதில் ஊசி போட்டாச்சு என்ற ஒரு வரி மட்டும் மெய்.