முகத்துக்கு அடித்த மருந்து

முகம் என்பது மல்லாட்டைக் கொல்லை இல்லை. இந்த ஒரு விஷயத்தைத் தெரிந்துகொள்ள எனக்கு ஒரு முகம் செலவானது. (இருந்ததே ஒன்றுதான்.)

இப்போது பெண்பிள்ளைகள் கண்ணாடிக்கு முன்னால் குட்டிக் குட்டி பாட்டில்களை அடுக்கி வைத்துக்கொண்டு, இது காலையில், அது ராத்திரியில், இதையும் அதையும் சேர்த்துப் போடவே கூடாது என்று பேசிக்கொள்கிறார்கள். கேட்கும்போதெல்லாம் எனக்கு வயிறு எரியும். அந்த ஒரு வார்த்தையை எண்பதுகளில் நான் பிறந்த கோலியனூருக்கு வந்து யாராவது சொல்லியிருந்தால், என் தம்பி கல்யாணத்தில் எனக்கு அந்தக் கதி வந்திருக்காது.

நான் அழகில் குறைந்தவள் இல்லை. மூக்கு எடுப்பாக இருக்கும். நடையில் ஒரு நிமிர்வு இருக்கும். பள்ளிக்கூடம் எனக்கு இரண்டாவதோடு முடிந்துவிட்டது. பஸ்ஸில் போர்டு படிப்பேன், அதுவும் பஸ் நின்றால். ஆனால் எந்தச் செடிக்கு என்ன சீக்கு என்று இலையைத் திருப்பிப் பார்த்துச் சொல்லிவிடுவேன். புகுந்த வீட்டில் மல்லாட்டைப் பயிருக்கு (வேர்க்கடலையை நாங்கள் அப்படித்தான் சொல்வோம்) மருந்து அடிப்பதென்றால் என்னைக் கேட்டுத்தான் அடிப்பார்கள். அந்தத் திமிர்தான் எல்லாவற்றுக்கும் காரணம்.

வெயிலில் நின்று நின்று, முப்பது வயதுக்கு மேல் இரண்டு கன்னத்திலும் மங்கு விழுந்தது. காப்பித்தூளைத் தண்ணீரில் குழைத்து அப்பியது போலத் திட்டுத் திட்டாக இருக்கும். நான் அதை ஒரு பொருட்டாக நினைக்கவில்லை. திண்டிவனம் சம்பந்தியம்மாதான் நினைக்க வைத்தார்.

தம்பி குமரேசனுக்குத் திண்டிவனத்தில் பெண் பேசியிருந்தோம். பெண் பெயர் விஜயா. அவள் அப்பாவுக்கு மல்லாட்டை வியாபாரம். நிச்சயதார்த்தத்தன்று தாம்பாளத்தைத் தூக்கிக்கொண்டு எல்லோருக்கும் முன்னால் நான்தான் நுழைந்தேன். பெண்ணின் அம்மா ஓடி வந்தார். வெள்ளைவெளேர் என்று இருந்தார், மூக்குக்கண்ணாடி போட்டிருந்தார். என் கையைப் பிடித்துக்கொண்டு, "வாங்க சம்பந்தி, வாங்க. மாப்பிள்ளை அப்படியே உங்க ஜாடை" என்றார்.

என்னைத் தம்பிக்கு அம்மா என்று நினைத்துவிட்டார். தம்பியைப் பெற்றவர் எனக்குப் பின்னால் நின்றுகொண்டிருந்தார். யாரோ காதில் சொல்ல, அந்தம்மா பதறிப்போனார். பலகாரம் வைக்கும்போது என் இலையில் மட்டும் இரண்டு பங்கு வைத்தார். எங்கள் அம்மாவோ விழுப்புரம் வந்து சேரும்வரை சிரித்த முகமாகவே இருந்தார். "அவங்க கண்ணாடி பவர் கம்மியா இருக்கும், வுடு" என்று எனக்கு ஆறுதல் வேறு.

எங்கள் பக்கத்தில் தாலியின் முதல் முடிச்சைத்தான் மாப்பிள்ளை போடுவான். மற்ற முடிச்சுகளை அவன் கூடப்பிறந்தவள் போட வேண்டும். குமரேசனுக்குக் கூடப்பிறந்தவள் நான் ஒருத்திதான். ஆக, மேடையில் பெண்ணின் கழுத்துக்குப் பக்கத்தில், போட்டோக்காரர் லைட்டுக்கு நேராக என் முகம் இருக்கும். எதிரில் அந்தம்மா இருப்பார். அன்றைக்கு அவரே வந்து "இது யாரு, சின்னப் பொண்ணு?" என்று கேட்க வேண்டும். அப்படி ஒரு வைராக்கியம் எனக்குள் விழுந்துவிட்டது.

ஒவ்வொன்றாகச் சேர்த்தேன். திண்டிவனம் பஸ் ஸ்டாண்டு பக்கம் ஒரு ஃபேன்சி ஸ்டோரில் வெளுப்பதற்கு ஒரு கிரீம். அதே கடையில் ப்ளீச் என்று ஒரு டப்பா. அதில் பொடி தனி, களிம்பு தனி. விழுப்புரத்து மெடிக்கல் ஷாப்பில் மங்குக்கு ஒரு டியூப். அப்புறம் என் வீட்டுக்காரர் படர்தாமரைக்குப் போட்டுக்கொண்டிருந்த, தோலை உரித்து எடுக்கும் ஒரு களிம்பு. (எங்கே போட்டுக்கொண்டிருந்தார் என்று கேட்காதீர்கள்.) இது போக எலுமிச்சம்பழம். எல்லா டப்பாவிலும் பொடிப் பொடியாக இங்கிலீஷில் எழுதியிருந்தது. கம்பெனி விலாசமாக இருக்கும் என்று விட்டுவிட்டேன்.

ஒன்றைப் போட்டுப் பார்த்து, சில நாள் பொறுத்து, அடுத்ததைப் போடலாம் என்று எனக்கு ஏன் தோன்றவில்லை என்றால், மல்லாட்டைக்கு நாங்கள் அப்படிச் செய்வதில்லை. புழுவுக்கு ஒரு மருந்து, இலைப்புள்ளிக்கு ஒரு மருந்து என்று தனித்தனியாக அடித்தால் ஆளுக்கு எங்கே போவது? எல்லாவற்றையும் ஒரே டேங்கில் கலந்து ஒரே மூச்சில் அடித்துவிடுவோம். கொல்லை தாங்கிக்கொள்ளும். அவ்வளவு பெரிய கொல்லையே தாங்கும்போது, ஒரு சாண் முகம் தாங்காதா? இன்னொன்று, மருந்து அடித்தால் நல்ல வெயில் காய வேண்டும். இதுவும் நான் கொல்லையில் கற்றதுதான்.

கல்யாணத்துக்கு இரண்டு வாரம் முன்பே அம்மா வீட்டில் பந்தக்கால் நட்டாயிற்று. மறுநாள் உச்சிப்பொழுதில், காயப்போட்ட கேப்பைக்குக் காவல் இருக்கிறேன் என்று சொல்லி மொட்டைமாடிக்குப் போனேன். முதலில் எலுமிச்சம்பழத்தை அழுந்தத் தேய்த்தேன். அதன்மேல் படர்தாமரைக் களிம்பு. மற்ற டப்பாக்களிலிருந்தும் கொஞ்சம் கொஞ்சம் எடுத்து ஒரு கிண்ணத்தில் போட்டுக் குழைத்து, அதன்மேல் பூசிக்கொண்டு, சூரியனைப் பார்க்க உட்கார்ந்தேன். எரிந்தது. எரிந்தால் மருந்து வேலை செய்கிறது என்று அர்த்தம். (யார் சொன்னது? நான்தான் சொல்லிக்கொண்டேன்.) கண்ணில் தண்ணீர் கொட்டக் கொட்ட, கேப்பை காயும்வரை நானும் காய்ந்தேன்.

மறுநாள் காலையில் கண்ணைத் திறந்தேன். பாதிதான் திறந்தது. கையால் தொட்டுப் பார்த்தால் முகம் வேறு யாருடையதோ போல இருந்தது. நெற்றி, கன்னம், மூக்கு எல்லாம் நீர் கோத்த கொப்புளம். காப்பி கொண்டுவந்த அம்மா டம்ளரைக் கீழே வைத்துவிட்டு என் காலில் விழுந்தார்.

"தாயே, கல்யாண வூட்ல வந்து எறங்கிட்டியே."

அம்மை போட்டால் எங்கள் ஊரில் அதை நோய் என்று சொல்ல மாட்டார்கள். ஆத்தா வந்திருக்கிறாள் என்பார்கள். ஆத்தா இருக்கும் வீட்டில் தாளிக்கக் கூடாது, எண்ணெய்ச் சட்டி ஏற்றக் கூடாது, சுபகாரியம் கூடவே கூடாது. நான் வாயைத் திறப்பதற்குள் பந்தலில் வேப்பிலை கட்டிவிட்டார்கள். முறுக்குக்குப் பிசைந்த மாவு பிசைந்தபடியே புளித்தது. அம்மா ஒரு மஞ்சள் துணியில் காசு முடிந்து, மேல்மலையனூர் அங்காளம்மனுக்கு அமாவாசைக்கு வருகிறோம் என்று வேண்டிக்கொண்டார்.

அப்போதே சொல்லியிருக்கலாம். ஆனால் கோலியனூரில் முட்டாள் என்று பெயர் எடுப்பதற்குச் சாமி என்று பெயர் எடுப்பது மேல் என்று தோன்றியது. இரண்டொரு நாளில் வற்றிவிடும், ஆத்தா இறங்கிவிட்டாள் என்று சொல்லிக்கொள்ளலாம் என்று வேப்பிலைமேல் படுத்துக்கிடந்தேன். அக்கம்பக்கத்தில் எல்லோரும் கூழ் கொண்டுவந்து வைத்துக் கும்பிட்டுவிட்டுப் போனார்கள். எதிர்வீட்டு தனபாக்கியம், சினையாக நிற்கும் தன் எருமை என்ன கன்று போடும், கிடேரியா கடாவா என்று என்னிடம் குறி கேட்டாள். நான் அந்தப் பக்கம் திரும்பிப் படுத்தேன். அவள் போகிற வழியாக இல்லை. "கெடேரி" என்று சொல்லித் தொலைத்தேன்.

விஷயம் என் முகத்தோடு நின்றிருந்தால் பரவாயில்லை. சாயந்திரம் குமரேசன் ஜன்னலுக்கு வெளியே வந்து நின்றான். உள்ளே வரக் கூடாது என்று அவனைத் தடுத்திருந்தார்கள்.

"அக்கா, பெரியப்பா கல்யாணம் வேணாம்ன்றாரு." எங்கள் வீட்டில் பெரியப்பா எடுப்பதுதான் முடிவு.

"தள்ளி வெக்கச் சொல்றாரா?"

"தள்ளி வெக்கறதுல்லாம் இல்ல. வேணாம்ன்றாரு. அந்தப் பொண்ணு வாசப்படி மிதிக்கறதுக்கு முன்னாடியே ஆத்தா வந்துட்டா, ராசி இல்லாத பொண்ணுன்றாரு. திண்டிவனத்துக்கு ஆள் அனுப்பிட்டாரு." பிறகு கம்பியைப் பிடித்துக்கொண்டு சின்னப்பிள்ளை போல அழுதான்.

நான் முகத்தை வெளுக்கப் போய், எவளோ ஒரு பெண்ணின் வாழ்க்கையில் கரியைப் பூசியிருந்தேன். அன்றைக்கு அந்த வேப்பிலைமேலேயே செத்துப்போயிருந்தால்கூட நல்லது என்று நினைத்தேன். சாகவும் வழியில்லை, குடம் குடமாகக் கூழ் குடித்திருந்தேன்.

மறுநாள் காலை முதல் பஸ்ஸில் சம்பந்தியம்மா தனியாக வந்து இறங்கினார். பெரியப்பா வாசலில் தடுத்தார். அவர் நிற்கவில்லை. நேராக என் முன்னால் வந்து கைகூப்பினார். கண்ணாடிக்குள் கண் இரண்டும் சிவந்திருந்தது.

"எம் பொண்ணு ராசி கெட்டவன்னு பேசிக்கினு இருக்காங்களாம். ஆத்தா வாயாலயே கேட்டுட்டுப் போயிடலாம்னு வந்தேங்க."

எழுந்து உட்கார்ந்தேன். "ஆத்தா இல்லீங்க அத்தை" என்றேன். "நான் கிரீம் போட்டுக்கினேன்."

என் மானம் அந்த இடத்தில் போய்விட்டது. இனி எல்லாம் சரியாகிவிடும் என்று மூச்சு விட்டேன். அதற்குள் அம்மா மெல்லச் சொன்னார்: "அவ பேசல. ஆத்தாதான் உள்ளேர்ந்து சோதிக்கறா."

நான் சத்தியம் செய்தேன். ஆத்தா கோபமாக இருக்கிறாள் என்று மஞ்சள் தண்ணீரைக் கொண்டுவந்து தலையில் ஊற்றினார்கள். வேப்பிலையை அரைத்துப் புண்ணான முகத்தில் அப்பினார்கள். எரிச்சல் தாங்காமல் நான் குதித்ததும் அருள் வந்துவிட்டது என்று நாலு பேர் விழுந்து கும்பிட்டார்கள். பொய்யாகப் படுத்திருந்தபோது கிடைத்த நிம்மதிகூட உண்மையைச் சொன்ன பிறகு எனக்குக் கிடைக்கவில்லை.

சம்பந்தியம்மா மட்டும் விழவில்லை. "இன்னா கிரீமு?" என்று கேட்டார்.

டிரங்குப் பெட்டிக்குள் புடவைக்கு அடியிலிருந்து ஒவ்வொன்றாக எடுத்து வைத்தேன். அவருக்கும் இங்கிலீஷ் தெரியாது. டப்பாக்களைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பிறகு முழங்கைக்கு மேல் புடவையை ஒதுக்கிக்கொண்டு கையை நீட்டினார்.

"எங் கைல போடு. நீ போட்டுக்கின மாதிரியே, அதே வரிசைல."

"வேணாங்க அத்தை. எரியும்."

"எங்க வூட்ல எம் பொண்ணு எரிஞ்சிகினு கெடக்கறாளே, அத வுடவா?"

போட்டேன். எலுமிச்சம்பழம், களிம்பு, கிண்ணத்தில் குழைத்தது என்று ஒன்றும் குறையவில்லை. அவர் முற்றத்தில் முக்காலி போட்டு, கையின் உள்பக்கத்தை வெயிலுக்குத் திருப்பி வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். சொந்தபந்தம் எல்லாம் சுற்றி நின்று அந்த வெள்ளைக் கையையே பார்த்துக்கொண்டிருந்தது. பெரியப்பா மட்டும் பார்க்காதது போல வெற்றிலையைத் துடைத்துக்கொண்டிருந்தார். கை முதலில் ரோஸ் ஆனது. பிறகு சிவந்தது. அந்தம்மா உதட்டைக் கடித்துக்கொண்டாரே தவிர அசையவில்லை. வெயில் சாய்வதற்குள் பொட்டுப் பொட்டாகக் கொப்புளம் கிளம்பியது.

கையைப் பெரியப்பா மூக்குக்கு நேராகக் கொண்டுபோனார். "நல்லா பாத்துக்கோங்க. இது மேல்மலையனூர்லேர்ந்து வந்ததா, ஃபேன்சி ஸ்டோர்லேர்ந்து வந்ததா?"

முதலில் சிரித்தது யார் என்று நினைக்கிறீர்கள்? என்னைப் பெற்ற தாய். நிச்சயதார்த்தத்தில் ஆரம்பித்த சிரிப்பை அன்றைக்குத்தான் முடித்தார்.

அன்றைக்கே எங்கள் இருவரையும் விழுப்புரத்தில் ஒரு டாக்டரம்மாவிடம் அழைத்துப் போனார்கள். டாக்டரம்மா என் முகத்தைப் பார்த்தார், டப்பாக்களைப் பார்த்தார், தலையில் கை வைத்துக்கொண்டார். தோலை உரிக்கிற மருந்தைப் போட்ட இடத்தில் ப்ளீச் போடலாமா, அதோடு வெயிலில் உட்காரலாமா என்று திட்டினார். எதுவானாலும் ஒரு நேரத்துக்கு ஒன்று, அதையும் முதலில் கையில் துளி வைத்துப் பார்த்துவிட்டுத்தான் முகத்துக்குப் போக வேண்டும் என்றார். பிறகு அந்தம்மா கையைப் பார்த்து, "இவங்க யாரு?" என்றார்.

"பொண்ணோட அம்மா."

"இவங்க எதுக்குப் போட்டுக்கிட்டாங்க?"

"நீங்க சொன்னதைத்தான் செஞ்சாங்க டாக்டர். கொஞ்சம் லேட்டா செஞ்சாங்க" என்றான் குமரேசன்.

குறித்த முகூர்த்தத்தில் கல்யாணம் நடந்தது. என் முகம் அப்போது உரிந்துகொண்டிருந்தது. பாதி கறுப்பு, பாதி ரோஸ், இடையிடையே பழைய மங்கு அப்படியே. பவுடர் போடவும் டாக்டரம்மா உத்தரவு இல்லை. முடிச்சுப் போடக் குனிந்தபோது விஜயாவின் தோள் குலுங்கியது. பாவம், அழுகிறாள் என்று நினைத்து, "அழாத கண்ணு" என்று காதில் சொன்னேன். அவள் சிரித்துக்கொண்டிருந்தாள். அந்த நேரம் பார்த்துப் போட்டோக்காரர் லைட்டை அடித்தார். குமரேசன் வீட்டுக் கூடத்தில் அந்தப் போட்டோ இன்னமும் மாட்டியிருக்கிறது. யார் வந்தாலும் முதலில் மாப்பிள்ளையைப் பார்ப்பதில்லை, பெண்ணைப் பார்ப்பதில்லை.

அங்காளம்மனுக்கு வேண்டிக்கொண்டதை விட முடியாது என்று அம்மா என்னை மேல்மலையனூருக்கும் இழுத்துக்கொண்டு போனார். தனபாக்கியத்தின் எருமை கிடேரி போட்டது. நான் எவ்வளவு சொல்லியும் கேட்காமல், அவள் சாகும்வரை எனக்கு மட்டும் கூழ் தனியாக வைத்தாள்.

சம்பந்தியம்மாவின் கையில் கொப்புளம் ஆறி, வெள்ளையாக ஒரு தழும்பு தங்கிவிட்டது. அன்றிலிருந்து அவர் எனக்கு 'ங்க' போட்டுப் பேசியதே இல்லை. நான் எப்போது திண்டிவனம் போனாலும் அந்தக் கையை நீட்டி, "புச்சா இன்னா கொண்டாந்த பூங்காவனம்? போடு பாக்கலாம்" என்பார். வீடே சிரிக்கும். எங்கள் இரண்டு குடும்பத்திலும் யார் எந்தக் கிரீம் வாங்கினாலும், "மொதல்ல சம்பந்தி கைல போட்டுப் பாத்தாச்சா?" என்றுதான் கேட்பார்கள்.

இப்போது அவருக்கு நினைவு தப்பிவிட்டது. போன மாதம் பார்க்கப் போயிருந்தேன். சோறு ஊட்டிக்கொண்டிருந்த விஜயாவைப் பார்த்து, "நீ யாருமா?" என்று கேட்டார். பெற்ற பெண் அப்படியே தலையைக் குனிந்துகொண்டாள். நான் பக்கத்தில் போய், "அத்தை, நான் வந்துகிறேன்" என்றேன்.

என் முகத்தை வெகுநேரம் பார்த்தார். யார் என்று கேட்கவில்லை. கையை மட்டும் நீட்டினார்.