பதினான்காம் பக்கம்

நேற்றுக் கிழித்துப் போட்ட தாள் மறுபடியும் கோப்புக்குள் இருந்தது.

கலையரசன் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பார்த்தார். பதினான்காம் பக்கம். 'அம்மாசி கேட்டிருப்பதே குறைந்த தொகை. அவர் டெண்டரை நிராகரிக்கக் காரணம் எதுவுமில்லை.' கீழே பச்சை மையில் சின்னக்கண்ணுவின் கையெழுத்து.

சின்னக்கண்ணு, கலையரசனின் நாற்காலியில் அவருக்கு முன்பு உட்கார்ந்திருந்தவர். கல்வராயன் மலையில் பாலம் கட்டவேண்டிய ஓடையைப் பார்க்கப் போனார். ஐப்பசி வெள்ளம் அவரைக் கொண்டுபோய்விட்டது.

அவர் போனதும் அதிகாரி தமக்கு வேண்டியவருக்குப் பால வேலையைக் கொடுத்தார். மலைக்காரரான அம்மாசி உயர் நீதிமன்றம் போனார். அவரை ஏன் ஒதுக்கினீர்கள் என்று நீதிமன்றம் கேட்டது. கோப்பில் காரணம் இல்லை.

"காரணத்த நீ உண்டாக்கு. இல்லாட்டி சஸ்பெண்ட் ஆவப்போறது நீதான்," என்றார் அதிகாரி கலையரசனிடம்.

பயத்தில் நான்கு நாள் விடுப்பில் கிடந்த கலையரசன், திங்களன்று வந்ததும் அந்தத் தாளைக் கிழித்தார். 'முன் அனுபவம் இல்லை' என்று எழுதி அந்த இடத்தில் வைத்தார். இப்போது அவர் எழுதியதைக் காணோம். இறந்தவர் எழுதியது இருக்கிறது.

"ஹப்சா, இங்க யாராச்சும் வந்தாங்களா?"

"யாருமே வரலியே சார். நான் மட்டுந்தான் இருந்தேன்," என்றாள் புதிதாகச் சேர்ந்திருந்த கம்ப்யூட்டர் ஆபரேட்டர்.

அதற்குமேல் கேட்க முடியுமா? கிழித்தது யார் என்ற பேச்சு வரும்.

அன்று தாளைக் கொளுத்தினார். 'ஆவணங்கள் போதாது' என்று புதிதாக எழுதி வைத்தார். புதன் காலை பழைய தாளே இருந்தது. தொட்டார். வெதுவெதுப்பாக இருந்தது, உயிருள்ள உடம்பைப்போல. கையை உதறிக்கொண்டார்.

'இயந்திரங்கள் இல்லை' என்று மூன்றாவது தாளை எழுதி வைத்துவிட்டு, பழையதை எடுத்துக்கொண்டு மலைக்குப் பேருந்து ஏறினார். ஓடைக்கரையில் பட்டப்பகலிலும் பனிமூட்டம். தாளைக் கல்லில் சுற்றித் தண்ணீரில் போட்டார்.

"பச்சப் பேனா அய்யா வரலிங்களா?"

தூக்கிவாரிப்போட்டது. எதிர்க்கரைப் பனிக்குள் பெரியம்மாள் என்கிற மலைக்காரி விறகுச் சுமையோடு நின்றிருந்தாள்.

"அவரு செத்துட்டாரும்மா!"

"தெரியுங்க. பாலம் போடவெச்சுட்டுத்தான் ஓய்வேன்னாரு. சொன்னா சொன்னதுதான். வருவாருங்க."

கலையரசன் பேருந்து நிறுத்தம்வரை திரும்பிப் பார்க்காமல் ஓடினார்.

வியாழக்கிழமை கோப்பைத் திறந்தார். பதினான்காம் பக்கம். அதே கதகதப்பு.

நாற்காலியிலிருந்து துள்ளி எழுந்து, அதைப் பார்த்தே கைகூப்பினார்.

"சாமி, புள்ளகுட்டிக்காரன் நான். இனிமே காரணம் எழுத மாட்டேன். வுட்டுடுங்க!"

"இன்னா சார், யார்கிட்ட பேசிக்கினு இருக்கீங்க?" ஹப்சா வாசலில் நின்றாள்.

"இந்தத் தாள்... கிழிச்சாலும் வருது, கொளுத்தினாலும் வருது, ஓடையில போட்டாலும் வருதும்மா!"

"அதுவா சார்? நீங்க லீவுல இருந்தப்பவே ஒரிஜினல் ஃபைலு கோர்ட்டுக்குப் போயிடுச்சு, இது காப்பிதான். இந்தப் பக்கம் தெனம் காணாமப் போவுதேன்னு நான்தான் காலையில இன்னொரு காப்பியிலேர்ந்து சுடச்சுடக் கலர் ஜெராக்ஸ் எடுத்து வெக்கிறேன், நீங்க எழுதின மூணு தாளும் கோர்ட்டுக்குப் போன ஃபைல்ல விட்டுப்போச்சேன்னு அப்பப்ப கோர்ட்டுல குடுக்கச் சொல்லி நம்ம கவர்மெண்ட் வக்கீலுக்கு அனுப்பிட்டேன் சார்!"