மீசை வைத்த சாமி

பெண் பார்க்கப் போகிற இடத்தில் மாப்பிள்ளை வாயைத் திறக்கக் கூடாது. திறந்தாலும் தின்பதற்கு மட்டும்தான் திறக்க வேண்டும். இது எனக்குத் தெரியாமல் இல்லை. இண்டூரிலிருந்து பாப்பாரப்பட்டி வரை மாட்டு வண்டியில் அக்கா இதையேதான் சொல்லிக்கொண்டு வந்தாள். நான்தான் கேட்கவில்லை. (அந்த வயதில் யார் சொன்னதைத்தான் கேட்டேன்!)

அது யுத்த காலம். பெட்ரோல் கிடைக்காமல் பஸ்கள் கரியில் ஓடின. ஓடின என்று மரியாதைக்குச் சொல்கிறேன். பாதி தூரம் ஜனங்கள்தான் தள்ளினார்கள். அப்படியொரு கரி பஸ்ஸில் நான் கண்டக்டர். ஒருநாள் மேட்டில் வண்டி நின்றுபோனது. "ஏங்க கண்டக்டரே, விசில் ஊதுனா வண்டி நவுருமா? நீங்களும் வந்து தள்ளுங்க!" என்று ஒரு பெண் அதட்டினாள். தள்ளினேன். தள்ளிக்கொண்டே மனசையும் பறிகொடுத்தேன். பெயர் மாதம்மாள், ஊர் பாப்பாரப்பட்டி என்று விசாரித்து வைத்துக்கொண்டு, கட்டினால் இவளைத்தான் கட்டுவேன் என்று அக்காவிடம் ஒற்றைக் காலில் நின்றேன்.

இதில் ஒரு சிக்கல். நான் தவழும்போதே அப்பாவும் அம்மாவும் போய்விட்டார்கள். வளர்த்தது அக்காதான். பாட்டன் பெயரைக் கேட்டாலே எனக்கு வியர்க்கும். மாதம்மாளின் அப்பாவோ, நாங்கள் பாயில் உட்கார்ந்ததுமே ஏழு தலைமுறையை எடுத்து முன்னால் வைத்துவிட்டார். யார் ஏரி வெட்டினார், யார் சிறுத்தையை விரட்டினார், யார் எந்த ஊரில் பெண் எடுத்தார் என்று மூச்சு விடாமல் சொன்னார். கடைசியில், "எல்லாம் ஏரிக்கரைச் சாமி குடுத்ததுங்க. எங்க கொலதெய்வம். அது உத்தரவு இல்லாம இந்த வூட்ல ஒரு துரும்பு அசையாது" என்று கும்பிட்டார்.

பதிலுக்கு எனக்கும் ஏதாவது சொல்ல வேண்டும் போலிருந்தது. கைவசம் ஒரு தலைமுறைகூட இல்லை.

"எங்களுக்கும் அதே சாமிதாங்க!" என்றேன்.

கும்பிட்ட கையை அவர் சட்டென்று இறக்கிவிட்டார். ஒரே குலதெய்வத்தைக் கும்பிடுகிறவர்கள் பங்காளிகள். பங்காளி வீட்டுப் பெண் தங்கை முறை. எங்கள் பக்கம் இது தொட்டில் பிள்ளைக்கும் தெரியும். எனக்கும் தெரியும். ஆனால் அந்த நேரத்தில் தெரிந்ததெல்லாம் எங்கே போய் ஒளிந்துகொண்டதோ! என்னை அவர்கள் நம்பவில்லை என்றுதான் நினைத்தேன்.

"வேற சாமின்னு ஒங்களுக்கு முன்னாடியே சொல்லித்தானுங்க அனுப்பிச்சேன்! இவன் என்னமோ ஒளர்றான்" என்று அக்கா பதறினாள்.

மாதம்மாளின் பெரியப்பா துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். "அக்கா ஒன்னு சொல்றாங்க, தம்பி ஒன்னு சொல்லுது. அண்ணன் தங்கச்சிக்கு முடிச்சுப் போட்ட பாவம் எங்களுக்கு வேணாங்க. எந்திரிங்க."

போச்சு! இனிமேல் மாதம்மாள் இல்லை. அப்போதும் என்னை நம்பாமல்தான் விரட்டுகிறார்கள் என்று நினைத்தேன். விட்டேனா?

"சத்தியமா பாத்திருக்கேங்க! போன வருசங்கூடப் போனேன். இம்மாம் பெரிய மீசை! கையில அரிவா! என்ன களை, என்ன களை!"

உள்ளேயிருந்து களுக்கென்று ஒரு சிரிப்பு. மாதம்மாள் கதவோரம் வந்து நின்றாள். "ஏம்ப்பா, நம்மளது பொம்பளச் சாமியாச்சே. எப்பப்பா மீசை வெச்சிது?"

பெரியப்பா துண்டை மறுபடி கீழே வைத்தார். என் முன்னால் சம்மணம் போட்டு உட்கார்ந்தார்.

"எந்த மாசம் தம்பி பொங்க வெப்போம்?"

"தைங்க."

"ஆடி. எத்தன கெடா வெட்டுவோம்?"

"ரெண்டுங்க."

"ஒன்னும் வெட்டமாட்டோம். கோயிலுக்கு வாசல் எந்தப் பக்கம்?"

"கெழக்குங்க" என்றேன்.

"கோயிலே கெடையாதுப்பா, வெறுங் கல்லு!"

என் பதில் ஒவ்வொன்றும் தப்பாகப் போகப் போக அவர் முகம் மலர்ந்துகொண்டே வந்தது. எனக்கோ கண்ணில் நீர் முட்டியது. மாதம்மாளின் அப்பா பாய்ந்து வந்து என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார். "ஒன்னுமே தெரியல! இது சத்தியமா பங்காளி இல்லீங்க!"

அப்புறம்தான் அவருக்கு வேறொரு சந்தேகம் வந்தது. "பொய் சொல்ற ஆளா இருக்குதே. பரவால்லயாம்மா?" என்று மகளைக் கேட்டார்.

"சொல்லட்டும்ப்பா. சொன்ன ஒடனே மாட்டிக்கறாரே. இப்பிடி ஆளுகூடத்தான் நிம்மதியா குடித்தனம் பண்ண முடியும்."

ஜெயித்தேன்! கேட்ட கேள்விக்கெல்லாம் தப்பாகச் சொல்லி ஜெயித்தவன் இந்தத் தாலுகாவில் நான் ஒருத்தனாகத்தான் இருப்பேன்.

கல்யாணமான மறுமாதமே மாதம்மாள் அக்காவையும் கூட்டிக்கொண்டு என்னை என் சொந்தக் குலதெய்வத்தைப் போய்ப் பார்க்க வைத்தாள். வழியெல்லாம் அக்காவைத் துருவித் துருவி என் முன்னோர் பெயர்களைக் கேட்டு நெட்டுருப் போட்டாள். இன்றைக்கு யாராவது என் பாட்டன் பெயரைக் கேட்டால், அடுப்படிப் பக்கம் திரும்பிக் குரல் கொடுப்பேன். பதில் வரும். எனக்கென்று ஒரு வம்சம் வந்தது அவளால்தான். இதைச் சொல்ல எனக்கு வெட்கமே இல்லை.

ஆனால் அவளுக்குக் கோபம் வந்துவிட்டால் மட்டும், "அண்ணா, சாப்புட வாங்க" என்பாள். பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரிக்கும். போன மாதம் பக்கத்து வீட்டுக்குப் புதிதாகக் குடிவந்த அம்மா இதைக் கேட்டுவிட்டு, "ஒங்கண்ணனுக்கு இன்னும் கல்யாணம் ஆவலீங்களா?" என்று பரிதாபப்பட்டார்.

"இந்த வாய்க்கு யாருங்க பொண்ணு குடுப்பாங்க?" என்றாள் மாதம்மாள்.

"குடுத்தாங்களே!" என்று உள்ளேயிருந்து கத்தினேன்.