கருத்தம்மாளுக்குப் பிடித்தது

செத்தவர்களை மறக்காமல் இருப்பது எப்படி என்று உலகத்துக்கே பாடம் எடுக்கக்கூடிய குடும்பம் ஒன்றே ஒன்றுதான் இருக்கிறது. அது கோம்பையில் இருக்கிறது. கொடித்தோட்டத்துத் தங்கப்பாண்டியன் வீடு என்று கேட்டால், பஸ்ஸை விட்டு இறங்கிய இடத்திலேயே கை காட்டிவிடுவார்கள். மற்ற ஊர்களில் போனவர்களுக்குச் சிலை வைப்பார்கள், தெருவுக்குப் பெயர் வைப்பார்கள். அந்த வீட்டில் அப்படி வீண்செலவெல்லாம் கிடையாது. வருஷத்துக்கொரு தடவை தலைவாழை இலை போட்டு, போனவருக்கு உயிரோடு இருந்தபோது என்ன பிடிக்குமோ அதைப் படைப்பார்கள். பிடித்தது இலையில் இல்லையென்றால் வந்தவர் பசியோடு திரும்பிப் போய்விடுவார் என்பது வீட்டுச் சட்டம்.

அந்தச் சட்டம் காப்பாற்றப்பட்ட அழகை இளைய மருமகள் அன்னத்தாய், தாலி கட்டிக்கொண்டு வந்த வருஷத்திலிருந்து கண்குளிரப் பார்த்து வந்திருக்கிறாள். மாமனாரின் இலையில் பச்சை லேபிள் குவார்ட்டர் இருக்கும். வேறு நிற லேபிளை அவர் எந்த உலகத்திலும் தொடமாட்டார். உத்தமபாளையம் பஸ் ஸ்டாண்டுப் பக்கத்துக் கடையிலிருந்து கொத்துப் பரோட்டா வரும், மிளகு தூக்கலாக. சின்ன மாமனார் ஒருவருக்கு மிக்சரில் கடலை மட்டும்தான் பிடிக்கும். அதனால் ஒவ்வொரு வருஷமும் அன்னத்தாயும், மூத்த மருமகள் கருத்தம்மாளும் முறத்தில் மிக்சரைக் கொட்டி, கண் வலிக்க வலிக்கக் கடலை பொறுக்குவார்கள். மீதி ஓமப்பொடியைத் தின்றது யார் என்பது பற்றிக் குடும்ப வரலாறு எதுவும் சொல்லவில்லை.

மனிதர்களை விடுங்கள். அந்த வீட்டில் காவலுக்கு இருந்த கோம்பை நாய் செத்தபோது, ஆட்டின் முன்னங்கால் எலும்பை வைத்துப் புதைத்தார்கள். விலா எலும்பு அதற்கு ஆகாது என்பது வீட்டு ஆண்கள் அத்தனை பேருக்கும் ஞாபகம் இருந்தது.

அப்பேர்ப்பட்ட ஞாபகசக்திக்கு ஒரு சோதனை வந்தது. போன ஐப்பசியில் கருத்தம்மாள் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு காரில் ஏறினாள். ஏறும்போது, "அடுப்புல பால் இருக்கு அன்னம், பொங்கிறாம பாத்துக்க" என்றாள். தேனி ஆஸ்பத்திரியிலிருந்து அவள் நடந்து வரவில்லை. அன்னத்தாய் பாலைப் பார்த்துக்கொண்டாள், அது பொங்கவில்லை. இப்போது முதல் வருஷப் படையல் வந்துவிட்டது.

ஞாயிற்றுக்கிழமை காலை, பலகாரம் முடிந்த கையோடு ஆலோசனைக் கூட்டம் கூடியது. தலைமை, குடும்பத்தில் மூத்தவரான சின்னய்யா நல்லகண்ணு. சம்பந்தப்பட்டவர், கருத்தம்மாளின் கணவரான தங்கப்பாண்டியன். சட்ட ஆலோசகர், அவருடைய தம்பியும் அன்னத்தாயின் கணவருமான வேல்பாண்டி. கூட்டுறவுச் சங்கத்தில் செயலாளராக இருந்து ஓய்வு பெற்றவர் என்பதால், அவர் வீட்டில் தண்ணீர் கேட்பதுகூடத் தீர்மானம் போலத்தான் இருக்கும். அன்னத்தாய் டம்ளர் எடுக்க வந்தவள், கதவோரம் நின்றுவிட்டாள்.

"ஏலே தங்கம்," என்றார் நல்லகண்ணு. "ஒம் பொண்டாட்டிக்கு என்னலே பிடிக்கும்?"

தங்கப்பாண்டியன் விட்டத்தைப் பார்த்தார். முப்பது வருஷத்துக்கு மேல் கூட வாழ்ந்தவர். பதில் விட்டத்தில் இல்லை.

"நாட்டுக்கோழி, சின்னய்யா."

"அக்கா கோழி திங்கமாட்டாகளே அத்தான்," என்றாள் அன்னத்தாய்.

"ஏன் திங்கமாட்டா? கழுத்துக்கறின்னா அவளுக்கு உசுரு. என் கண்ணால பாத்திருக்கேன்."

"மத்ததெல்லாம் நீங்க தின்னுட்டீக. சட்டியில கெடந்தது கழுத்துதான்."

வேல்பாண்டி தொண்டையைச் செருமி, விவாதத்தை உயர்ந்த தளத்துக்குக் கொண்டுபோனார்.

"மதினிக்கு மொதத் தோசை பிடிக்கும்ணே. கல்லுல ஒட்டிப் பிஞ்சு வருமே, அது. ஒரு நாள்கூட வேற ஆளுக்குக் குடுத்ததில்ல. அப்பிடி ஒரு பிரியம்."

"பிஞ்ச தோசைய யாரு தட்டுல வைக்கிறது? ஒங்க தட்டுல வச்சா சும்மா விடுவீகளா?"

"அப்பறம் பழைய சோறு," என்று வேல்பாண்டி தளராமல் தொடர்ந்தார். "தெனமும் காலையில அதத்தான் விரும்பிச் சாப்பிட்டாக."

"மாவு தீந்திரும். வேற என்ன செய்வாக?"

கோழிக் கழுத்து, பிய்ந்த தோசை, பழைய சோறு. இவ்வளவு சிக்கனமாக ஒரு படையல் கம்பம் பள்ளத்தாக்கிலேயே நடந்திருக்காது. நல்லகண்ணுவுக்கே அது கௌரவக் குறைச்சலாகப் பட்டது. "பிள்ளையக் கேளுங்கடா" என்றார். கோயம்புத்தூரில் வேலை பார்க்கும் மகள் ஹேமாவதி போனில் வந்தாள். கேள்வியைக் கேட்டதும் அவளுக்குக் கண் கலங்கிவிட்டது.

"அம்மாவுக்கா? நான் சாப்பிடுறதப் பாத்தாலே அம்மாவுக்கு வயிறு நெறஞ்சிரும்ப்பா."

"ஆகா!" என்றார் தங்கப்பாண்டியன், நெகிழ்ந்துபோய். "அப்பிடிப் பாத்தா, நாம எல்லாரும் நல்லாச் சாப்பிட்டா அவளுக்குப் பிடிக்கும்."

"அதை ஏகமனதாகத் தீர்மானிக்கலாம்," என்றார் வேல்பாண்டி.

கதவோரம் நின்றிருந்த அன்னத்தாய்க்கு அப்போதுதான் பொறுக்கவில்லை. டம்ளர்களைக் கீழே வைத்தாள்.

"அக்காவுக்குப் பிடிச்சது ஒண்ணு இருக்கு. வெங்காய டார்ட்டு."

"அது என்ன ஆத்தா, பிரஷர் மாத்திரையா?" என்றார் நல்லகண்ணு.

தங்கப்பாண்டியனுக்கு மட்டும் லேசாக ஞாபகம் வந்தது. ஹேமாவதி தன் முதல் சம்பளத்தில் அம்மாவுக்கு ஓர் ஓவன் வாங்கி அனுப்பியிருந்தாள். சின்ன வெங்காயம் விலையில்லாமல் கொட்டகையில் குவிந்து கிடந்த நேரம். கருத்தம்மாள் போனில் எதையோ பார்த்துவிட்டு, மைதாவில் குளிர்ந்த வெண்ணெயை உதிர்த்துப் பிசைந்து, எவர்சில்வர் தட்டில் விரித்து, உப்பி வராமலிருக்க மேலே தட்டைப்பயறைப் பரப்பிச் சுட்டெடுத்தாள். பிறகு பயறை எடுத்துவிட்டு, நெய்யில் சிறுதீயில் பொன்னாக வதக்கிய வெங்காயத்தை அதில் நிரப்பி, முட்டையும் பாலாடையும் மிளகும் அடித்து ஊற்றி, மறுபடி ஓவனில் வைத்தாள். முதலாவதை முறைப்படி கணவருக்குத்தான் கொண்டுவந்தாள்.

அவர் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "ஊத்தப்பத்துக்கு வேட்டி கட்டிவிட்ட மாதிரி இருக்கு" என்றார். வீடே சிரித்தது. வாயில் வைக்காமலே தட்டைத் தள்ளிவிட்டு, தோசை கேட்டார். கருத்தம்மாளும் சிரித்துக்கொண்டே தோசை ஊற்றினாள்.

அந்த வீட்டில் அவளுக்குக் கிடைத்த மிகப் பெரிய கொடை அந்தச் சிரிப்புதான். பங்குக்கு ஆள் வராத பலகாரம் ஒன்று அன்றோடு அவளுக்கென்று ஆகிவிட்டது. அதன்பிறகு ஆண்கள் திராட்சைக் கொடித்தோட்டத்துக்குப் போன மத்தியானங்களில், இரண்டு மருமகள்களும் ஓவன் முன்னால் காலை நீட்டி உட்கார்வார்கள். வெங்காயம் உரிப்பது அன்னத்தாய். மாவு கருத்தம்மாள். வெந்து வந்ததும் சூடாக, முதல் துண்டு, நட்டநடுவிலிருந்து ஓரம் வரைக்கும், கருத்தம்மாளுக்கு. "இந்த ஓரம் மொறுமொறுன்னு இருக்கு பாரு, இது மட்டும் போதும் அன்னம், சொத்தெல்லாம் நீங்க வச்சுக்கங்க" என்பாள். தின்று முடித்து, தட்டைக் கழுவிக் கவிழ்த்து, ஆண்கள் வரும்போது இருவரும் இரவுக்கு என்ன கறி என்று கவலைப்பட்டுக்கொண்டிருப்பார்கள்.

அவள் போனபிறகு ஓவனைத் திறக்க அன்னத்தாய்க்கு மனம் வரவில்லை. அதற்குள் தங்கப்பாண்டியன் டார்ச் லைட்டையும் கரண்ட் பில்லையும் வைத்திருந்தார்.

"எது எப்படியோ," என்றார் வேல்பாண்டி. "கரண்டுல சுட்டதைப் படையல்ல வைக்க முன்னுதாரணம் இல்ல."

"பெரிய மாமா எலையில பிரிட்ஜுல வச்ச பாட்டிலை வைக்கிறீகளே, அது என்ன வெறகடுப்புல காச்சினதா?"

நல்லகண்ணு சிரித்துவிட்டார். தலைவர் சிரித்தால் தீர்மானம் நிறைவேறியதாக அர்த்தம். நிபந்தனைகள் மட்டும் விதிக்கப்பட்டன: விருந்தாளிகளின் நலன் கருதி நாட்டுக்கோழி, மட்டன் சுக்கா, உளுந்தவடை ஆகியவை வழக்கம்போல் இடம்பெறும். டார்ட் இலையின் ஓரத்தில், பிற பதார்த்தங்களுக்கு இடைஞ்சலில்லாமல் அனுமதிக்கப்படும்.

அன்னத்தாய்க்கு அது போதும். ஒரு மூலை கிடைத்தால் போதும். வருகிறவளுக்கு எங்கே பார்க்க வேண்டும் என்று தெரியும்.

படையலன்று டார்ச் லைட்டை வெளியேற்றி, ஓவனைத் துடைத்தாள். வெங்காயம் உரித்தாள். மாவு பிசைவது இதுவரை அவள் வேலை இல்லை. அக்காவின் கையைப் பார்த்துப் பார்த்து மனசில் இருந்த அளவில் போட்டாள். பிசைந்து முடித்தபிறகுதான் தெரிந்தது, அது எப்போதும் செய்கிற அளவு, இரண்டு டார்ட்டுக்கான மாவு. இரண்டு பேர் உட்கார்ந்து தின்கிற அளவு. பாதியைக் கிண்ணத்தில் போட்டு பிரிட்ஜில் வைத்துவிட்டு, கொஞ்ச நேரம் பிரிட்ஜ் கதவையே பிடித்துக்கொண்டு நின்றாள்.

அந்த வீட்டில் படையல் சமையலை யாரும் உப்புப் பார்க்கக்கூடாது. வாய் பட்டால் எச்சில். எச்சிலைப் படைத்தால் போனவருக்கு அவமானம். அதனால் மூக்கை நம்பித்தான் சமைப்பார்கள். மூக்கு அன்று தன் கடமையைச் சரியாகச் செய்தது. டார்ட் வெளியே வந்தபோது எழுந்த வாசனையில் அன்னத்தாய்க்கு, பக்கத்தில் கால் நீட்டி யாரோ உட்கார்ந்திருப்பது போலவே இருந்தது. ஆறட்டும் என்று மேடையில் வைத்துவிட்டு, படத்துக்கு முன்னால் வைக்கப் புதுச்சேலை எடுக்க மாடிக்குப் போனாள்.

வாசனை கூடத்துக்கும் போயிருந்தது.

அவள் இறங்கி வந்தபோது சமையலறையில் மூன்று ஆண்கள் நின்றிருந்தார்கள். டார்ட்டில் பாதியைக் காணோம். நடுத்துண்டு தங்கப்பாண்டியன் வாயில் இருந்தது.

"என்னத்தான் இது?"

"ஒண்ணுமில்ல ஆத்தா. ஓரம் லேசாப் பிஞ்சு இருந்துச்சு. அதான் எடுத்துச் சரி பண்ணேன்."

"நான் உப்புத்தான் பாத்தேன்," என்றார் நல்லகண்ணு. மீசையில் மொறுமொறுப்பான ஆதாரம் ஒட்டிக்கொண்டிருந்தது.

"படையல உப்புப் பாக்கலாமா மாமா?"

"கூடாது." நல்லகண்ணு சட்டத்தை மதிப்பவர். "வாய் வச்சதப் படைக்கவும் கூடாது. இனிமே இது எலைக்கு ஆகாது."

"மீதிப் பாதி கத்தியால வெட்டுனது. தொழில்நுட்பரீதியா எச்சில் இல்ல," என்று வேல்பாண்டி ஆரம்பித்தார். சின்னய்யா முறைத்ததும், "ஆனாலும் பெரியவுக சொன்னாச் சரி" என்று கருத்தைத் திரும்பப் பெற்றார்.

"இருங்க, இன்னொண்ணு சுட்டுர்றேன். மாவு இருக்கு. வெங்காயம் வதக்கணும், அம்புட்டுத்தான்."

"நேரம் எங்கன இருக்கு? ராகு காலம் வந்துக்கிட்டிருக்கு," என்றார் வேல்பாண்டி, கடிகாரத்தைக் காட்டி. "ஒரு டார்ட்டுக்காக ஒட்டுமொத்த நிகழ்ச்சியையும் ஒத்திவைக்க முடியுமா?"

முடியாது. உணவை வீணாக்குவதும் பாவம் என்பதால், இலைக்கு ஆகாத மீதிப் பாதியை மூவரும் அங்கேயே நின்றபடி பொறுப்பேற்று முடித்துவைத்தார்கள்.

படையல் சிறப்பாக நடந்தது. இலையில் நாட்டுக்கோழி இருந்தது. மரியாதைக்காகக் கழுத்துத் துண்டை மேலே வைத்திருந்தார்கள். மட்டன் சுக்கா இருந்தது. வடை இருந்தது. மூலை காலியாக இருந்தது. சாம்பிராணிப் புகைக்கு நடுவே தங்கப்பாண்டியன் படத்தைப் பார்த்துக் கைகூப்பினார். உண்மையாகவே நனைந்துபோன கண்ணைத் துண்டால் ஒற்றிக்கொண்டார்.

"தாயி, ஒனக்குப் பிடிச்சதெல்லாம் வச்சிருக்கேன். வந்து வயிறாரச் சாப்பிட்டுப் போ."

வழக்கப்படி எல்லோரும் வெளியே வந்து கதவைச் சாத்தினார்கள். போனவர் வந்து சாப்பிடுகிற நேரம். யாரும் சத்தம் போடக்கூடாது. உள்ளே சத்தம் எதுவும் கேட்கவில்லை. வெளியே நல்லகண்ணு மெதுவாக ஏப்பம் விட்டார்.

அந்த அமைதியில்தான் குடும்பத்தின் புகழ்பெற்ற ஞாபகசக்தி மறுபடி வேலை செய்யத் தொடங்கியது. மிளகு இன்னும் ஒரு சிட்டிகை கூட இருக்கலாம் என்று வேல்பாண்டி குறிப்பிட்டார். தனக்கு ஓரம் வேண்டாம், பல் இல்லை, நடுப்பாகம் மட்டும் போதும் என்று நல்லகண்ணு பதிவு செய்தார். ஒரு தடவைதான் தின்றார்கள்; அதற்குள் யாருக்கு எந்தப் பாகம், எத்தனை மிளகு என்பதெல்லாம் எல்லோருக்கும் மனப்பாடம் ஆகிவிட்டது.

தங்கப்பாண்டியன் அன்னத்தாய் பக்கம் திரும்பினார். கண் இன்னும் ஈரமாகத்தான் இருந்தது.

"ஆத்தா, ஒண்ணு சொல்றேன், மறந்துறாத. நாளைக்கு நான் போய்ச் சேந்தா, எவன் எத வச்சாலும் வைக்காட்டியும், எனக்குப் பிடிச்ச இந்த வெங்காய டார்ட்ட எலையில வச்சிரணும். ஓரம் நல்லா மொறுமொறுன்னு."

அன்னத்தாய் சாத்தியிருந்த கதவைப் பார்த்தாள். பிறகு மிகுந்த மரியாதையோடு சொன்னாள்:

"வச்சிர்றேன் அத்தான். மாவு பாதி மிச்சம் பிரிட்ஜுலதான் இருக்கு. ரெண்டு நாளைக்குக் கெடாது. அதுக்குள்ள நீங்க தோதுப்படி பாத்துக்கங்க."