மந்தமான வலது கால்

மார்ச் பதினேழாம் தேதி காலை, பஸ் டிப்போவின் மருத்துவ அறையில், டிரைவர் ஒருவரின் வலது கால் மந்தமானது என்று முடிவு செய்யப்பட்டது.

அங்கே ஒரு நாற்காலி, அதன் முன்னே ஒரு பிரேக் பெடல், எதிரே ஒரு சிவப்பு விளக்கு. விளக்கு எரிந்ததும் மிதிக்க வேண்டும். எவ்வளவு தாமதம் என்பதைப் பக்கத்துப் பெட்டியில் தெரியும் எண் சொல்லும். டாக்டர் முதலில் தானே உட்கார்ந்து மிதித்துக் காட்டினார். எழுந்திருக்க நாற்காலியின் கையைப் பிடிக்க வேண்டியிருந்தது. பிறகு டிரைவர் மிதித்தார்.

"டாக்டர், அந்தப் பொத்தான்..." என்றாள் நர்ஸ்.

"குறுக்கே பேசாதம்மா." டாக்டர் எண்ணைப் பார்த்து உதட்டைப் பிதுக்கினார். "ஏறக்குறைய ஒரு செகண்ட்! இந்த லட்சணத்துல பிரேக் போட்டா, முன்னால போற லாரிக்குள்ளதான் போய் நிப்பீங்க."

"இருபது வருஷமா ஒரு கீறல்கூட இல்லைங்க சார்."

"அது அதிர்ஷ்டம். இது அறிவியல். தூக்கம் கம்மி, தொப்பை ஜாஸ்தி, கனமான ஷூ, போதாததுக்கு வயசு. கால் வேற எப்படி இருக்கும்?" சொல்லிவிட்டு டாக்டர் நீளமாக ஒரு கொட்டாவி விட்டார். "ஒரு மாசம் டைம். அப்பவும் இப்படியே இருந்தா ஸ்டியரிங்கைத் தொட முடியாது."

டிரைவர் பட்டினி கிடந்தார். ரப்பர் செருப்புக்கு மாறினார். பயிற்சியை மனைவி கையில் எடுத்துக்கொண்டாள். நேரம் காலம் பார்க்காமல் "சிவப்பு!" என்று கத்துவாள், அவர் உடனே தரையை உதைக்க வேண்டும். குளியலறைக்கு வெளியே நின்று கத்தினாள். உள்ளே வாளி உருண்டது. சாப்பிடும்போது கத்தினாள், குழம்பு சுவருக்குப் போனது.

"குழம்பு போனா போகுதுங்க. வேலை போகக் கூடாது."

மூன்றாவது வாரம் யாரும் கத்தாமலே கால் பாய்ந்தது. கடைத்தெரு நடுவில் பஸ் குலுங்கி நின்றது. கண்டக்டர் ஒரு பெரியவரின் மடியில் போய் உட்கார்ந்தார்.

"என்னண்ணே, குறுக்கே யாரு?"

"சிவப்பு..."

"அது அந்த அக்காவோட குடைண்ணே!"

மறுநாள் தபால் பெட்டிக்கு நின்றது. அதற்கடுத்த நாள் தக்காளி வண்டிக்கு. பயணிகள் புகார் கொடுத்தார்கள். மேனேஜர் கூப்பிட்டு அனுப்பினார்.

"கால் மந்தம்னு டாக்டர் சொல்றாரு. ரொம்ப வேகம்னு ஜனங்க சொல்றாங்க. ரெண்டுக்கும் பொதுவா, நீ பார்சல் கிடங்குக்குப் போயிருய்யா."

மாத முடிவில் மறுபரிசோதனை. நர்ஸ் முதலில் பெட்டியின் பொத்தானை அழுத்தினாள். சிவப்பு விளக்கு கண் திறந்ததுதான் தாமதம், பெடல் தரையில் இருந்தது.

"பாத்தீங்களா! என் பேச்சைக் கேட்டதும் பாதியாக் குறைஞ்சிருச்சு," என்றார் டாக்டர்.

நர்ஸ் இந்த முறை அனுமதிக்குக் காத்திருக்கவில்லை.

"எங்க குறைஞ்சுது, டாக்டர்? பொத்தானை அழுத்தினாத்தான் பெட்டியில பழைய எண் அழியும். போன தடவை நீங்க மிதிச்சுக் காட்டிட்டு, அழுத்தாமலே விட்டுட்டீங்க. அந்த ஒரு செகண்ட் உங்க காலு."

டிரைவர் இன்னும் பார்சல் கிடங்கில் இருக்கிறார்; புகார்கள் நிலுவையில் உள்ளன. டாக்டர் அன்று மாலையும் தன் காரைத் தானே ஓட்டிக்கொண்டு வீட்டுக்குப் போனார்.