விழ மறுத்த கோட்டை

கோவில்பட்டியில் பொய் சொல்லிப் பிழைத்தவர்கள் எத்தனையோ பேர். 'ஆதாரம்' அண்ணாச்சியிடம் பொய் சொல்லித் தப்பியவர் ஒருவர்கூடக் கிடையாது. சாப்பிட்டாச்சு என்று சொன்னால்கூடக் கையை மோந்து பார்ப்பார்.

வயிற்றுப்பாட்டுக்குக் கல்யாண வீடியோ எடுத்தாலும் அவர் உயிர் சரித்திர ஆவணப்படத்தில்தான் இருந்தது. ஒரு கல்யாணத்தில் மாப்பிள்ளையின் பெரியப்பா மைக்கைப் பிடித்து, "எங்க குடும்பம் அரண்மனைக்கே தளவாய் கொடுத்த குடும்பம்" என்றதும் கேமராவை அணைத்துவிட்டார்.

"செப்பேடு இருக்கா? இருந்தா மேல பேசுங்க."

செப்பேடு வரவில்லை. தாலி கட்டிய காட்சியும் வீடியோவில் வரவில்லை.

அப்பேர்ப்பட்டவருக்கு ஒரு வாய்ப்பு வந்தது. விளாத்திகுளம் பக்கம் ஒரு ஊரில் வெள்ளைக்காரக் கும்பினிப் படை பிடித்த மண்கோட்டை உண்டு. அது விழும் காட்சியோடு படம் தந்தால் ஒளிபரப்புகிறோம் என்றது ஒரு டி.வி. அண்ணாச்சியின் முதல் படம். மனிதர் சந்தோஷத்தில் தரையில் நடக்கவில்லை.

கோட்டை வீரர்களாக அந்த ஊர்க்காரர்கள் நடித்தார்கள். வெள்ளைக்காரனாக நடிக்க அங்கே ஒருவரும் சம்மதிக்காததால், பக்கத்து ஊரிலிருந்து ஆள் பிடித்தோம். கும்பினித் தளபதி, அண்ணாச்சிக்கு உதவியாளாக இருந்த நான்தான். என் நிறத்துக்கு இரண்டு டப்பா பவுடர் பிடித்தது.

நாங்கள் சுட்டதும் கோட்டை வீரர்கள் விழ வேண்டும் என்று அண்ணாச்சி சொல்லியிருந்தார். சுட்டோம். ஒருவரும் விழவில்லை. கம்பைத் தூக்கிக்கொண்டு எங்களை விரட்டினார்கள்.

"ஏலே, சாகத்தான சொன்னேன்?" என்றார் அண்ணாச்சி.

முன்னால் நின்ற மீசைக்காரர் தலையைச் சொறிந்தார். "எப்படிண்ணாச்சி சாகுறது? எதுக்க நிக்குதவிய எம் மாமனார் ஊர்க்காரவிய. எம் பொண்டாட்டி வேற பாத்துக்கிட்டு இருக்கா."

மறுபடி சுட்டோம், மறுபடி விரட்டினார்கள். அதற்குள் மழை பிடித்துக்கொண்டது. கரிசல் நனைந்தால் கேட்க வேண்டுமா? கும்பினிப் படையின் பூட்ஸையெல்லாம் மண் வாங்கிக்கொண்டது. பவுடர் வழிய வெறுங்காலோடு ஓடினேன்.

ஈரம் கண்டால் ஊரே விதைப்புக்குப் போய்விடும். இனி நடிக்க யாரும் வரமாட்டார்கள். அண்ணாச்சி கேமராப் பெட்டியின் மேல் இடிந்து உட்கார்ந்துவிட்டார். பார்க்கவே பாவமாக இருந்தது.

"கோட்டைக்காரவிய ஜெயிச்சதாவே காட்டிருங்க. யாருக்குத் தெரியப் போவுது?" என்றேன்.

"எனக்குத் தெரியும்லா."

எடுத்ததை அப்படியே கொண்டுபோய்க் கொடுத்தார். டி.வி.க்காரர்கள் முதலில் முறைத்தார்கள். அப்புறம் படத்தைப் போட்டார்கள். ஊரே ஒன்றாக உட்கார்ந்து பார்த்தது. நாங்கள் சேற்றில் விழுந்தடித்து ஓடும்போது ஒரே சிரிப்பு. அதன்மேல் அண்ணாச்சியின் குரல் வந்தது: "இந்தக் கோட்டை விழுந்தது. அதை நடித்துக் காட்ட இந்த ஊரில் இன்றுவரை ஒருவருக்கும் மனம் வரவில்லை."

சிரிப்பு நின்றுவிட்டது. மீசைக்காரர் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, பின்னால் நின்ற அண்ணாச்சியிடம் போனார்.

"அண்ணாச்சி, வெள்ளாம முடியட்டும். ஒங்களுக்காவ ஒருவாட்டி செத்துருதேன்."

அண்ணாச்சிக்காக நானும் இன்னொருமுறை பவுடர் பூசிக்கொள்ளத் தயாராகத்தான் இருந்தேன்.